மௌனப்பட நகைச்சுவை பார்க்கத் தொடங்குகிறவர்களுக்கு: பிரதி, வேகம், வரிசை

சாப்ளின் பெயர் தெரியாதவர் இல்லை. அவருடைய குறும்படம் ஒன்றை முதல் காட்சி முதல் கடைசிக் காட்சி வரை பார்த்தவர்களைத் தேடினால்தான் எண்ணிக்கை குறையும். பார்க்க உட்கார்ந்த பலரும் ஐந்து நிமிடத்தில் எழுந்துவிடுகிறார்கள். "எல்லாரும் தலைதெறிக்க ஓடுகிறார்கள், விழுகிறார்கள், முகமே தெரியவில்லை, பின்னால் ஒரு பியானோ கடமைக்கு ஓடிக்கொண்டிருக்கிறது" என்பார்கள். புகார் நியாயமானது. ஆனால் அவர்கள் பார்த்தது பெரும்பாலும் கெட்டுப்போன பிரதி, அதுவும் தவறான வேகத்தில். அந்த இரண்டையும் சரிசெய்யாமல் இந்தப் படங்களைப் பற்றி முடிவுக்கு வரக்கூடாது. இன்னொரு சிக்கல் நம்முடையது. தமிழ்ப்பட நகைச்சுவையை நாம் பெரிதும் காதால் கேட்டுச் சிரித்துப் பழகியவர்கள். அடுக்களையில் வேலை பார்த்தபடியே கூட அது நடக்கும். இங்கே கண் திரையை விட்டு நான்கு வினாடி விலகினால் சிரிப்பு போய்விடும். கைப்பேசியை அடுத்த அறையில் வைத்துவிட்டு வாருங்கள்.

முதலில் ரீல் கணக்கு

அக்காலக் குறும்படங்களை நிமிடத்தில் அளக்கவில்லை, ரீலில் அளந்தார்கள். ஒரு ரீல் என்பது அதிகபட்சம் சுமார் 1000 அடி 35 மி.மீ. பிலிம். ஓர் அடிக்கு 16 சட்டகம், அதாவது 16 தனித்தனிப் படம், ஆக ஒரு ரீலுக்கு 16,000 சட்டகம். வினாடிக்கு 16 சட்டகம் ஓட்டினால் அது 16 நிமிடம் 40 வினாடி. 20 ஓட்டினால் 13 நிமிடம் 20 வினாடி. பேசும்படத்தின் வேகமான 24-இல் ஓட்டினால் 11 நிமிடத்துக்குச் சற்று மேல். ஒரே பிலிம்தான், ஓட்டுகிற வேகத்துக்குத் தகுந்தாற்போல் ஐந்தரை நிமிடம் கூடுகிறது, குறைகிறது. இரண்டு ரீல் படம் என்றால் பத்து நிமிடத்துக்கு மேல் வித்தியாசம் வரலாம்.

இந்தக் கணக்கு எதற்கு என்றால், இணையத்தில் ஒரே படம் 18 நிமிடம், 22 நிமிடம், 25 நிமிடம் என்று மூன்று விதமாகக் கிடைக்கும். எது முழுப்படம்? நீளத்தை மட்டும் பார்த்துச் சொல்ல முடியாது. இரண்டு பிரதியிலும் ஒரே காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். கதவைத் திறந்து உள்ளே வருவதிலிருந்து நாற்காலியில் உட்காருவது வரை என்று வைத்துக்கொள்வோம். ஒன்றில் 60 வினாடி, மற்றதில் 75 வினாடி என்றால் வேகம்தான் வேறு, படம் ஒன்றே. இரண்டிலும் 60 வினாடியே வந்தும் மொத்த நீளம் குறைகிறது என்றால், குட்டையான பிரதியில் எங்கோ கத்தரி விழுந்திருக்கிறது.

பிரதியைத் தேர்ந்தெடுத்தல்

ஒரு படத்துக்குக் கிடைக்கிற எல்லாப் பிரதிகளையும் திறந்து, ஒவ்வொன்றிலும் மூன்று இடங்களில் ஒரு நிமிடம் பாருங்கள். கவனிக்க வேண்டியவை இவை.

முகம். இந்தப் படங்களில் பாதி வேலையைக் கண் இமையும் உதட்டோரமும்தான் செய்கின்றன. பிரதி எடுத்து, அதிலிருந்து பிரதி எடுத்து வந்த பிரிண்டில் வெள்ளைப் பூச்சு போட்ட முகம் வெறும் சுண்ணாம்புச் சுவராகிவிடும். சாப்ளின் காலத்து இன்னொரு நகைச்சுவை நடிகரான பஸ்டர் கீட்டன் சிரிக்கவே மாட்டார், ஆனால் அவர் கண் ஓயாமல் பேசும். கண் தெரியாத பிரிண்டில் அவரைப் பார்ப்பது வீண்.

படச்சட்டத்தின் ஓரங்கள். மௌனப்படச் சட்டத்தின் அகல உயர விகிதம் ஏறக்குறைய 4:3. பின்னாளில் இவற்றுக்கு ஒலி சேர்த்து மறுபடி வெளியிட்டபோது, ஒலித்தடத்துக்கு இடம் விட வேண்டி இடப்பக்கத்தில் ஒரு பட்டையை வெட்டினார்கள். நடுவில் நிற்க வேண்டிய ஆள் இடப்பக்கம் ஒதுங்கி நின்றாலோ, இரண்டு பேர் நிற்கும் காட்சியில் இடப்பக்கத்து ஆளுக்குத் தோள் இல்லை என்றாலோ இதுதான் காரணம். அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டிய பிரதி இன்னும் மோசம், கால் தெரியாது. கால் தெரியாமல் இந்த வகைப் படம் இல்லை. இழுத்து அகலமாக்கிய பிரதியைக் கண்டுபிடிக்க ஒரு வண்டிச் சக்கரத்தைப் பாருங்கள். வட்டமாக இல்லாமல் முட்டையாக இருந்தால் தொலைக்காட்சியில் பட அளவை 4:3-க்கு மாற்றுங்கள். கணினியில் விஎல்சி என்ற வீடியோ செயலியில் ஓட்டுகிறீர்கள் என்றால் 'ஏ' எழுத்துப் பொத்தானை அழுத்த அழுத்த அளவு மாறிக்கொண்டே வரும்.

இரவுக் காட்சி. திருடன் மெழுகுவர்த்தியோடு பூனைநடை போடுகிறான், சுற்றிலும் பட்டப்பகல் வெளிச்சம்! படம் எடுத்தவர்களுக்குப் புத்தியில்லை என்று நினைக்க வேண்டாம். இரவுக்கு நீலம், விளக்கொளிக்கு மஞ்சள் என்று பிரிண்டுக்குச் சாயம் ஏற்றுவது அப்போதைய வழக்கம். பிற்காலத்துக் கறுப்பு வெள்ளைப் பிரதிகளில் அந்தச் சாயம் போய்விட்டது. சாயம் மீட்ட பிரதி கிடைத்தால் அதையே எடுங்கள்.

கணினியால் வண்ணம் பூசி, வினாடிக்கு 60 சட்டகமாக வழவழப்பாக்கிய பிரதிகளை ஒதுக்கிவிடுங்கள். விழுகிற ஆளின் கை காற்றில் கரைந்து மறுபடி முளைக்கும். இல்லாத சட்டகங்களை இயந்திரம் ஊகித்துச் செருகுவதால் வரும் கோளாறு இது. உங்கள் தொலைக்காட்சியிலேயே 'மோஷன் ஸ்மூத்திங்' போன்ற வசதி இருக்கும், அதையும் அணைத்துவிடுங்கள்.

எங்கே தேடுவது? இன்டர்நெட் ஆர்க்கைவிலும் யூடியூபிலும் ஏராளமாக உண்டு, தரம்தான் குப்பையிலிருந்து மாணிக்கம் வரை. கீஸ்டோன், மியூச்சுவல் என்ற நிறுவனங்களுக்குச் சாப்ளின் எடுத்த படங்களை இத்தாலியின் சினெட்டேகா தி போலோஞ்ஞா திரைப்படக் காப்பகமும் பாரிஸின் லாப்ஸ்டர் ஃபிலிம்ஸும் சேர்ந்து பல பிரிண்டுகளிலிருந்து மீட்டெடுத்திருக்கின்றன. கீட்டனின் குறும்படங்களுக்கும் லாப்ஸ்டர் மீட்ட பதிப்பு உண்டு. புளூரே வாங்குகிறவர்கள் பிராந்தியக் குறியைப் பார்த்து வாங்குங்கள். அமெரிக்க வட்டு 'ஏ' பிராந்தியம், ஐரோப்பியது 'பி', இந்தியா 'சி'. பிராந்தியப் பூட்டு போட்ட வட்டு இங்கே வாங்கிய கருவியில் ஓடாது.

இரண்டு நல்ல பிரதிகளில் ஒரே காட்சி கொஞ்சம் வேறு கோணத்தில் இருந்தால் திகைக்க வேண்டாம். பக்கத்தில் பக்கத்தில் இரண்டு கேமரா வைத்து, ஒன்றை உள்நாட்டு நெகட்டிவாகவும் மற்றொன்றை வெளிநாட்டுக்காகவும் எடுப்பது அப்போது வழக்கம்தான்.

வேகம்: அதிகம் கெடுவது இங்கேதான்

கேமராவைக் கையால் சுற்றினார்கள். கைப்பிடி ஒரு சுற்றுக்கு 8 சட்டகம், வினாடிக்கு இரண்டு சுற்று, ஆக 16. ஆனால் நகைச்சுவைப் படக்காரர்கள் வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றினார்கள். வினாடிக்கு 12 சட்டகம் மட்டும் எடுத்து, கொட்டகையில் 18 ஓட்டினால் ஓட்டம் ஒன்றரை மடங்காகும். துரத்தல் காட்சிகளின் துடிப்பு இப்படி வந்தது. ஆகவே "எல்லாரையும் இயல்பாக நடக்க வைக்கிறேன்" என்று முழுவதுமாக மெதுவாக்கினால் படத்தைக் கொன்றுவிடுவீர்கள். நடிகர் தண்ணீருக்குள் நடப்பதுபோல் மிதப்பார், விழுந்தால் வலிக்காது, சிரிப்பும் வராது. எடுத்தவர்கள் நினைத்த வேகத்துக்குக் கொண்டுவருவதுதான் நம் வேலை.

அதைக் கண்டுபிடிக்க நாயகனைப் பார்க்காதீர்கள். அவர் வேகம் அவர் கணக்கு. துரத்தல் இல்லாத ஒரு காட்சியைத் தேர்ந்தெடுத்து, பின்னணியைப் பாருங்கள். தெருவில் போகிற, படத்துக்குச் சம்பந்தமில்லாத மனிதர்கள் எப்படி நடக்கிறார்கள்? வாளியிலிருந்து கொட்டுகிற தண்ணீர் எப்படி விழுகிறது? யாராவது நின்று பேசும்போது வாயசைவு எலி கொறிப்பதுபோல் இருக்கிறதா? மூன்றும் சற்றே சுறுசுறுப்பாக இருந்தால் விட்டுவிடுங்கள். படபடவென்று இருந்தால் மாற்றுங்கள்.

யூடியூபில் வேகத்தை 0.05 அளவாக மாற்றிக்கொள்ளலாம். விஎல்சி-யில் சதுர அடைப்புக்குறிப் பொத்தான்கள் ஒரு தட்டுக்கு 0.1 கூட்டும், குறைக்கும். வினாடிக்கு 24 ஓடும் பிரதியை 0.75-இல் வைத்தால் 18 கிடைக்கும், 0.85-இல் ஏறக்குறைய 20. தோராயமாக ஒரு கைக்கணக்கு: 1914 முதல் 1917 வரையிலான படம் 24-இல் ஓடினால் 0.75-இல் தொடங்குங்கள், 1920–23 படத்துக்கு 0.85 போதும், 1927க்குப் பிறகு வந்தவற்றைத் தொடவே வேண்டாம். அதற்குள் கொட்டகைகளின் வேகமே 24 பக்கம் வந்துவிட்டது. மீட்டெடுத்த பதிப்புகளில் இந்த வேலையை ஏற்கெனவே செய்திருப்பார்கள், அதன் மேல் நீங்களும் கைவைத்தால் இரட்டை வைத்தியம். வேகத்தைக் குறைத்தால் இசையும் இழுபடும். அப்போது ஒலியை அணைத்துவிடுவதே நல்லது.

எதிலிருந்து தொடங்குவது

காலவரிசையில் தொடங்குவது புதியவர்கள் செய்யும் பெரிய தவறு. 1914-இன் கீஸ்டோன் படங்கள் பழக்கப்பட்ட கண்ணுக்கானவை. ஒரே சட்டத்தில் ஆறு பேர் ஆளுக்கொரு திசையில் குதிப்பார்கள். நடுவிலிருந்து தொடங்கி, முன்னே போய், பிறகு பின்னால் வாருங்கள்.

முதல் படம் கீட்டனின் 'ஒன் வீக்', 1920, இரண்டு ரீல். புதுமணத் தம்பதிக்குப் பரிசாக ஒரு வீடு வருகிறது, பெட்டிகளில் பிரித்து அடுக்கிய வீடு. எண் வரிசைப்படி பூட்டினால் தயார். பெண்ணை மணக்க முடியாத பொறாமைக்காரன் பெட்டி எண்களை மாற்றிவிடுகிறான். அதன் பிறகு எழும்புகிற கட்டடத்துக்குக் கதவு ஒரு பக்கம், கோணல் ஒரு பக்கம். நாட்காட்டித் தாள் ஒவ்வொன்றாகக் கிழிந்து, நாளுக்கொரு தொல்லையாகக் கதை போகிறது. இதை முதலில் வைப்பதற்குக் காரணம், டைட்டில் கார்டு, அதாவது நடுநடுவே வசனமோ விளக்கமோ எழுதிக் காட்டும் அட்டை, இல்லாமலே புரியும், நோக்கமும் எளிது: ஒரு வீடு கட்ட வேண்டும்.

படத்தின் முடிவில் ரயில் தண்டவாளக் காட்சி வரும். இதுவரை பார்க்காதவர்கள் இந்தப் பத்தியின் மீதியைத் தாண்டிவிடுங்கள். தண்டவாளத்தின் மேல் வீடு சிக்கிக்கொள்கிறது. தூரத்தில் ரயில் வருகிறது. தள்ளிப் பார்க்கிறார்கள், அசையவில்லை. கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சு விடும்போது எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டை நொறுக்குகிறது. இரண்டாம் முறை பார்க்கும்போது கேமரா எங்கே நிற்கிறது என்று மட்டும் பாருங்கள். முதல் ரயில் நேரே வீட்டின் மேல் வருவதாகத் தோன்றுவது அந்தக் கோணத்தால்தான். நான்கடி தள்ளி வைத்திருந்தால் இரண்டு தண்டவாளமும் தனித்தனியாகத் தெரிந்து, ஏமாற்றம் முன்பே அம்பலமாகியிருக்கும். பிறகு, நாம் ஏமாந்ததை ஒப்புக்கொண்டு தளர்ந்த அந்த ஒரு நொடிதான் இரண்டாவது ரயிலுக்கு நுழைவாயில்.

அடுத்து 'பிக் பிசினஸ்', 1929, லாரல்–ஹார்டி. இது எதிர்த்துருவம். வெயில் காயும் கலிஃபோர்னியாவில் இருவரும் வீடு வீடாகப் போய் கிறிஸ்துமஸ் மரம் விற்கிறார்கள். ஜேம்ஸ் ஃபின்லேசன் நடித்த வீட்டுக்காரரின் கதவு இடுக்கில் மரக்கிளை மாட்டிக்கொள்கிறது. அங்கிருந்து வினை ஆரம்பம். அவர் இவர்கள் காரைப் பிய்க்க, இவர்கள் அவர் வீட்டைப் பிய்க்கிறார்கள். கவனிக்க வேண்டியது ஒழுங்கு. ஒருவர் உடைக்கும்போது மற்றவர் தடுப்பதில்லை. கையைக் கட்டிக்கொண்டு தன் முறை வரும்வரை பார்த்துக்கொண்டு நிற்கிறார். போலீஸ்காரர் வண்டியில் உட்கார்ந்து குறிப்பு எடுக்கிறார். அந்தக் காத்திருப்பிலேயே சிரிப்பு ஊறுகிறது. அவசரப்பட்டு ஓட்டிப் பார்த்தால் படத்தில் ஒன்றும் மிஞ்சாது.

மூன்றாவதாகச் சாப்ளின். 1916–17இல் மியூச்சுவல் நிறுவனத்துக்கு அவர் எடுத்த 12 இரண்டு ரீல் படங்களிலிருந்து எடுங்கள். 'தி பான்ஷாப்', 'தி இமிக்ரன்ட்' இரண்டும் போதும். 'ஒன் ஏ.எம்.' ஏறக்குறைய முழுக்க அவர் ஒருவரே நடித்தது, திறமை வியக்க வைக்கும், முதல் படமாக மட்டும் வேண்டாம்.

'தி பான்ஷாப்'பில் அடகுக்கு வந்த அலாரம் கடிகாரக் காட்சியை மூன்று முறை பாருங்கள். முதல் முறை சும்மா. இரண்டாம் முறை, கடிகாரம் என்னவாகவெல்லாம் மாறுகிறது என்று எண்ணுங்கள். காதில் கருவி வைத்துப் பார்க்கும்போது அது நோயாளி. டப்பா திறப்பானால் மூடியைக் கிழிக்கும்போது டின் உணவு. முகர்ந்து பார்க்கும்போது ஊசிப்போன பண்டம். தொலைபேசியின் வாய்க்குழாயைக் கண்ணில் வைத்ததும் இவர் நகைக்கடை மதிப்பீட்டாளர். உள்ளே இருந்ததையெல்லாம் குறடால் பிடுங்கிப் போட்டபின், சிதறிய துண்டுகளை வாடிக்கையாளரின் தொப்பியிலேயே வாரிப் போட்டுத் தள்ளிவிடுகிறார். மூன்றாம் முறை வாடிக்கையாளரை மட்டும் பாருங்கள். ஆல்பர்ட் ஆஸ்டின் ஏறக்குறைய அசையவே இல்லை. அவர் பதறியிருந்தால், நாம் பதற ஒன்றும் மிஞ்சியிருக்காது. நல்ல நகைச்சுவையில் எதிரே நிற்கிற ஆளின் பங்கு இது. நம் ஊர்ச் சிரிப்பு ஜோடிகளுக்கும் இதே சூத்திரம்தான்.

நான்காவது ஹெரால்ட் லாயிடின் 'நெவர் வீக்கன்', 1921, மூன்று ரீல், உயரத்தில் தொங்கும் வகை. 1919இல் போலி வெடிகுண்டு என்று நம்பிய ஒன்று கையில் வெடித்து, வலக்கைக் கட்டைவிரலையும் சுட்டுவிரலையும் அவர் இழந்திருந்தார். இரும்புச் சட்டங்களைப் பிடித்து ஏறும்போது அது நினைவில் இருக்கட்டும். காதல் தோல்வியில் தற்கொலைக்கு முயல்வதை இந்தப் படம் வேடிக்கையாக்குகிறது. யாருடன் சேர்ந்து பார்க்கிறீர்கள் என்று யோசித்துப் போடுங்கள்.

ஐந்தாவது, சார்லி சேஸின் 'மைட்டி லைக் எ மூஸ்', 1926, இயக்கம் லியோ மெக்கேரி. பல் எடுப்பான கணவன், மூக்கு பெருத்த மனைவி. ஒருவருக்கொருவர் தெரியாமல் இருவரும் சரிசெய்துகொண்டு, வெளியே சந்தித்து, அடையாளம் தெரியாமல் ஒருவரையொருவர் மயக்கப் பார்க்கிறார்கள். பெரிய பெயர்களுக்கு அடுத்த வரிசையில் எவ்வளவு சரக்கு இருந்தது என்பதற்கு இது சான்று.

இசையும் டைட்டில் கார்டும்

மௌனப்படம் கொட்டகையில் மௌனமாக ஓடியது அரிது. பியானோவோ ஆர்கனோ சிறு வாத்தியக் குழுவோ கூட இருக்கும். ஒரு பிரதியின் இசை நல்லதா என்று பார்க்க எளிய சோதனை: யாராவது விழும்போது இசைக்கு அது தெரிகிறதா? தெரியாமல் ஒரே மெட்டு சுற்றிச் சுற்றி வந்தால் ஒலியை அணையுங்கள். முழு அமைதியில் இருபது நிமிடம் பார்ப்பது தனியாளுக்குச் சற்றுக் கடினம். பாட்டு இல்லாத வாத்திய இசை எதையாவது மெல்ல ஓடவிட்டால் போதும். சொற்கள் உள்ள பாட்டு வேண்டாம், காது மறுபடி வேலை கேட்கும்.

டைட்டில் கார்டு கண்சிமிட்டும் நேரத்தில் மறைந்தால் பிரதி கெட்டுவிட்டது என்று நினைக்காதீர்கள். வெளிநாட்டுக்கு அனுப்பிய பிலிமில் கார்டு வர வேண்டிய இடத்துக்கு அடையாளமாகச் சில சட்டகங்களை மட்டும் விட்டிருப்பார்கள். அங்கே நிறுத்தி வாசித்துக்கொள்ளுங்கள். ஆங்கிலம் தெரியாத பாட்டியோ குழந்தையோ கூட இருந்தால் நீங்களே தமிழில் சொல்லுங்கள். மௌனப்படக் காலத்தில் தமிழ்நாட்டுக் கொட்டகைகளில் திரைக்கருகே ஒருவர் நின்று கார்டுகளை வாசித்துக் கதை சொல்வது வழக்கமாக இருந்தது. ஆனால் சிரிப்பு வரும் முன் சொல்லிவிடாதீர்கள்.

பத்துப் பேரைக் கூட்டிப் போடுவதானால்

இரண்டு படம், அதிகம் போனால் மூன்று. நான்காவதில் எவ்வளவு நல்ல படத்துக்கும் சிரிப்பு ஓய்ந்துவிடும். வேகமானதை முதலில், லாரல்–ஹார்டி போன்ற நிதானமானதைக் கடைசியில் வையுங்கள். மாற்றி வைத்தால் நிதானப் படத்தின்போது கூட்டம் இன்னும் சூடேறியிருக்காது.

போடுவதற்கு முன் முழுதாகப் பார்த்துவிடுங்கள். கறுப்பினத்தவரைக் கேலி செய்யும் காட்சிகள், முகத்தில் கரி பூசிக்கொண்டு ஆடும் காட்சிகள் இந்தப் படங்களில் திடீரென்று வரும். லாயிடின் 'ஹான்டட் ஸ்பூக்ஸ்' அப்படி. கீட்டனின் 'தி பிளேஹவுஸ்', 1921, ஒரே பிலிமைத் திரும்பத் திரும்பப் பின்னோக்கிச் சுற்றி ஒன்பது கீட்டன்களை ஒரே மேடையில் நிறுத்திய அற்புதம், எல்ஜின் லெஸ்லி என்ற ஒளிப்பதிவாளர் கைப்பிடியைக் கடைசிவரை ஒரே சீராகச் சுற்றியதால் நடந்தது. அந்தக் காட்சியே கரி பூசிய முகங்களோடுதான் இருக்கிறது. மறைக்க வேண்டியதில்லை, முன்பே ஒரு வார்த்தை சொல்லிவிடலாம்.

உரிமை விஷயம்: இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்கு வெளியான ஆண்டுக்குப் பின் 60 ஆண்டுகள்தான் காப்புரிமை, ஆகவே இங்கே சொன்ன படங்கள் எல்லாம் அதைத் தாண்டியவை. ஆனால் புதிதாகச் சேர்த்த இசைக்குத் தனி உரிமை இருக்கும். பொதுத் திரையிடலில் அந்த ஒலியை அணைத்துவிட்டு நீங்களே ஒருவரை வாசிக்க வைப்பது பத்திரம்.

இந்த ஐந்தும் முடிந்தபின் 1914க்குத் திரும்புங்கள். 'கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்', பிப்ரவரி 1914, அரை ரீலுக்குச் சற்று அதிகம். சிறுவர்களின் கார்ப் பந்தயத்தைப் படமெடுக்கும் கேமராவுக்கு முன்னால் தொப்பியும் தடியுமாக ஓர் ஆள் வந்து வந்து நிற்கிறான், விரட்ட விரட்ட வருகிறான். அவ்வளவுதான் கதை. அந்த உடையில் சாப்ளின் திரைக்கு வந்த முதல் படம் இது. பந்தயம் உண்மையானது, பின்னால் நிற்கும் கூட்டமும் உண்மையானது. இவர் யார் என்று அவர்களில் யாருக்கும் தெரியாது. சாப்ளினை விட்டுவிட்டு அந்த முகங்களைப் பாருங்கள். யாரோ இடைஞ்சல் செய்கிறான் என்று முதலில் முறைக்கிறவர்கள், போகப் போகப் பந்தயத்தை மறந்து இவரைப் பார்க்கத் திரும்புகிறார்கள்.